நான் வெள்ளையடிக்க வைத்த அடுக்களை

யுத்தத்துக்கு முந்தின வருஷங்களில், திருவனந்தபுரத்தில் எடுத்த ஒரு படத்தில் நான் விதவைத் தாயாக நடித்தேன். அதற்குப் படப்பிடிப்பு அரங்கம் அமைத்தவர் ஒரு ஜப்பான்காரர். தம் நாட்டில் சொந்தமாகப் படம் தயாரித்தவராம்.

பழவங்காடிக்குப் பக்கத்துக் கொட்டகையில் அவர் போட்ட அடுக்களையில் சுவரெல்லாம் புகைக்கரி. எனக்குக் கோபம் வந்தது. "இந்த அழுக்கில் நிற்கமாட்டேன்" என்று முதலாளியிடம் சண்டை போட்டு, ஜப்பான்காரர் வருவதற்குள் பக்கத்தில் நின்று வெள்ளையடிக்க வைத்தேன்.

மகன் இறந்த சேதி கேட்டு நான் அடுப்படியில் அழவேண்டும். ஆறு முறை எடுத்தும் அழுகை வரவில்லை. "இன்னிக்கு இது போதும் அம்மா" என்று டைரக்டர் சலித்துக்கொண்டார்.

ஜப்பான்காரர் மெதுவாக வந்து, தெரிந்த ஆங்கிலத்தில் கேட்டார்: "உங்கள் அம்மா அடுப்படியிலிருந்து எழும்போது எங்கே கை ஊன்றுவார்?"

யோசிக்காமல் இடதுபுறச் சுவரைத் தொட்டுக் காட்டினேன். அந்த இடத்தில் மட்டும் உள்ளங்கை அளவுக்குக் கரியைக் குழைத்துத் தேய்த்தார். வருஷக்கணக்காகக் கை பட்டுப் படிந்த கறை மாதிரியே இருந்தது. அம்மா இறந்தபோது நான் வெளியூரில் நாடகத்தில் இருந்தேன், போகவில்லை. அதன்மேல் கை வைத்ததும் உடைந்துபோனேன். என் முகத்தையும் அந்தக் கறையையும் மட்டும் கேமரா எடுத்தது.

"சார், வெள்ளையடிக்கச் சொன்னது நான்தான்" என்றேன்.

"தெரியும். உங்கள் புடவையில் சுண்ணாம்பு இருக்கிறது" என்று சிரித்தார்.

மறுநாள் அவரோடு சேர்ந்து நானும் மீதிச் சுவருக்குக் கரி பூசினேன். அதன்பிறகு எந்த அரங்கத்துக்குப் போனாலும், அதைச் செய்தவரைக் கும்பிட்டுவிட்டுத்தான் உள்ளே காலெடுத்து வைப்பேன்.