என் போனில் இருந்த பாட்டு

என் அக்காவின் மகள் கனடாவில், மொன்றியலில், பிரெஞ்சில் பாட்டு எழுதிப் பாடுகிறவள். மேடையில் அவளை அறிமுகப்படுத்துகிறவர்கள் கியூபெக்கின் குரல் என்கிறார்கள். நானும் இதைத்தான் ஒஸ்லோ முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தேன், லில்லெஸ்ட்ரோம் மண்டபத்தில் என் முகம் கறுத்த நாள் வரைக்கும்.

முதலில் எனக்குப் பெருமை ஒன்றும் இருக்கவில்லை. அவள் பார்மசிப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டுக் கிற்றாரும் கையுமாகக் கோப்பிக்கடைகளில் பாடுகிறாள் என்று அக்கா போனில் அழுதபோது நானும் சேர்ந்துதான் கத்தினேன். பாடுவதென்றால் தமிழில் பாடட்டும், கோயிலில் பாடட்டும், பிரெஞ்சுக்காரனுக்குப் பாடி எங்களுக்கு என்ன வரப்போகிறது என்று கேட்டேன். யாராவது விசாரித்தால், 'மியூசிக் படிக்கிறா' என்று சொல்லிக் கதையை மாற்றிவிடுவேன். அவள் எந்தக் கடையில் பாடினாள், யார் கேட்டார்கள், குளிரில் கிற்றாரைத் தூக்கிக்கொண்டு எப்படி வீடு போனாள் என்று ஒருநாளும் நான் கேட்டதில்லை.

பிறகு அவள் ஏதோ ஒரு பாட்டுப் போட்டியில் வென்றாள். முதல் இசைத்தட்டு வந்தது. வானொலியில் போட்டார்கள், தொலைக்காட்சியில் கூப்பிட்டுக் கதைத்தார்கள். எங்கள் முகத்தோடும் எங்கள் நிறத்தோடும் ஒரு பெண் அந்த ஊர் ஆட்களின் உச்சரிப்பிலேயே பாடுவது அவர்களுக்குப் புதினமாக இருந்திருக்க வேண்டும். இரண்டாவது தட்டில் ஒரு பாட்டு எல்லா இடமும் பரவியது. மெதுவாகத் தொடங்கி, நடுவில் ஒரே அடி திரும்பத் திரும்ப வரும். கேட்டவன் வாயில் ஒட்டிக்கொள்ளும். அக்காவும் அழுகையை நிற்பாட்டிவிட்டு எனக்கு வீடியோ அனுப்பத் தொடங்கினாள்.

அதோடு நானும் கட்சி மாறினேன். அந்தப் பாட்டை என் போன் அடிக்கும் சத்தமாக வைத்தேன். நான் பஸ் ஓட்டுகிறவன். ஓய்வறையில் போன் அடித்தால் உடனே எடுக்க மாட்டேன், நாலு பேர் கேட்கட்டும் என்று விட்டுவைப்பேன். சோமாலிக்காரனும் பாகிஸ்தான்காரனும் யார் இது என்று கேட்பார்கள். என் அக்காவின் மகள், கனடாவில் பெரிய ஆள் என்பேன். அந்தத் திரும்பி வரும் அடியைச் சொல் தெரியாமல் வாய்க்கு வந்தபடி முணுமுணுத்துக்கொண்டே ஹொல்ம்லியாவில் வீட்டுப் படியேறுவேன். என்ன அர்த்தம் என்று போனிடமே கேட்டிருக்கலாம், ஒரு நொடியில் சொல்லியிருக்கும். கேட்கத் தோன்றவில்லை. அவளுக்குப் பெயர் வந்துவிட்டது, அது எனக்குப் போதுமாக இருந்தது.

இந்த நேரத்தில்தான் என் மகள் பெரியபிள்ளை ஆனாள். எங்கள் ஆட்கள் இஞ்சை சாமத்தியவீட்டை, அந்தப் பூப்பு விழாவை, உடனே வைப்பதில்லை. மண்டபம் கிடைக்க வேண்டும், பாரிஸ்காரருக்கும் லண்டன்காரருக்கும் லீவு கிடைக்க வேண்டும், படம் எடுக்கிறவர் ஓய்வாக இருக்க வேண்டும். அதனால் மாதக்கணக்கில் தள்ளிப்போகும். மருமகள், அதுதான் அந்த அக்காவின் மகள், தன் குழுவோடு ஸ்கண்டிநேவியா முழுக்கப் பாட வருகிறாள், ஒஸ்லோவிலும் ஒரு வெள்ளிக்கிழமை பாடுகிறாள் என்று அக்கா சொன்ன உடனே, அடுத்த நாள் சனிக்கிழமைக்கு மண்டபத்தைப் பிடித்தேன். மகளின் விழாவைப் பாட்டுக்காரியின் பயணத்துக்கு ஏற்ற மாதிரி வைத்த தகப்பன் நான்.

மகள் வேண்டாம் என்றாள். குசினிக்குள் வந்து, நான் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தபோது சொன்னாள். "அப்பா, வகுப்பில ஆருக்கும் தெரிஞ்சா எனக்குச் சரியான ஃப்ளௌட்." வெட்கக்கேடு என்பதற்கு இஞ்சத்தைப் பிள்ளைகள் சொல்லும் சொல் அது. மண்டப வாசலில் தன் படத்தை ஆளுயரத்துக்கு வைக்கப்போவதைப் பற்றியும், அதை நண்பர்கள் யாராவது போனில் எடுத்துப் போட்டால் என்ன செய்வது என்பதைப் பற்றியும் சொன்னாள். நாங்கள் எத்தனை பேருடைய விழாவுக்குப் போய்ச் சாப்பிட்டு வந்தோம், இப்போது எங்கள் முறைக்கு எப்படிப் பின்வாங்குவது என்று மனைவி கேட்டாள். நான் சிரித்தேன்.

"ஒரு நாள்தானே, பிள்ளை," என்றேன். "ஒரு நாள் பல்லைக் கடிச்சுக்கொண்டு இரு."

அவள் தன் அறைக்குப் போய்க் கதவைச் சாத்தினாள். சற்று நேரத்தில் உள்ளே மருமகளின் பாட்டு கேட்டது, அந்தப் பாட்டேதான். சரி, மச்சாளின் பாட்டைக் கேட்கிறாள், கோபம் ஆறிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். திரும்பி வரும் அடி வந்தபோது வெங்காயத்தை வெட்டியபடி நானும் சேர்ந்து பாடினேன்.

மருமகள் வந்து எங்கள் வீட்டில் தங்கினாள். மனைவியின் தம்பி பாரிசிலிருந்து குடும்பத்தோடு வந்து நடு அறையில் பாய் விரித்துப் படுத்திருந்தான். வெள்ளிக்கிழமை அவள் பாடிய இடத்துக்கு நானும் போனேன். நின்றுகொண்டே பியர் குடிக்கும் நோர்வேப் பிள்ளைகளுக்கு நடுவில் விழாவுக்குத் தைத்த கோட்டோடு நின்றேன். ஒரு சின்னப் பெண் ஒரு கிற்றாரோடு அந்த இடத்தையே அமைதியாக்கியதைக் கண்டு எனக்கு நெஞ்சு நிறைந்தது. ஆனால் அந்தப் பாட்டை அவள் பாடவில்லை. முன்னால் நின்ற ஒரு பெண் அதைப் பாடச் சொல்லிக் கூவியபோதுகூட, என் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டு வேறு பாட்டைத் தொடங்கினாள்.

வீட்டுக்கு வந்ததும் நாளைக்கு மண்டபத்தில் அதைத்தான் பாட வேண்டும் என்றேன். அவள் தமிழில் ஒரு பக்திப் பாட்டுப் பாடுகிறேன் என்றாள். அது இந்த விழாவுக்குப் பொருத்தமில்லாத பாட்டு என்றாள். நான் விடவில்லை. இஞ்சை ஒருத்தருக்கும் பிரெஞ்சு விளங்காது, மெட்டு வடிவாய் இருக்கிறது, அது காணும் என்றேன். இதைச் சொல்லும்போது பாரிஸ் மச்சான் அடுத்த அறையில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். அவன் அங்கே இருபது வருடத்துக்கு மேலாக இருக்கிறவன், பிள்ளைகள் அங்கேயே பிறந்தவர்கள். ஆனால் அவர்கள் பிரெஞ்சு கதைத்து நான் ஒருநாளும் கேட்டதில்லை. எங்கள் ஆட்கள் எந்த நாட்டிலிருந்து வந்து இறங்கினாலும் என் கணக்கில் அவர்களுக்குத் தமிழ் மட்டும்தான் தெரியும்.

மருமகள் கிற்றாரை உறையில் வைத்து மூடினாள். "நீங்கள் கேட்டால் பாடுறன், மாமா," என்றாள். "ஆனா நீங்கள்தான் கேட்டனீங்கள் எண்டதை மறக்காதேங்கோ."

அடுத்த நாள் காலை பாரிஸ் மச்சான் தாய்மாமன் முறைக்குத் தேங்காய் உடைத்து, என் மகளின் தலையில் பாலும் அறுகம்புல்லுமாகப் பாலறுகு வைத்துத் தண்ணீர் வார்த்தான். பின்னேரம் மண்டபத்தில் அவளைச் சேலை, நகை எல்லாவற்றோடும் பெரிய கதிரையில் இருத்தினோம். தீபம் காட்டி ஆலாத்தி எடுத்து முடிந்தது. சனம் பலகாரத் தட்டும் கையுமாக இருந்த நேரம் பார்த்து, அறிவிப்பாளரிடமிருந்து மைக்கை நானே வாங்கினேன். கனடாவே கொண்டாடும் என் மருமகள் என்று தொடங்கி வானொலி, தொலைக்காட்சி, பரிசு எல்லாவற்றையும் ஒன்றும் விடாமல் சொன்னேன். கோப்பிக்கடையை மட்டும் விட்டுவிட்டேன்.

அவள் பாடினாள். மண்டபம் தலையாட்டியது. நான் மேடைப் படியோரம் நின்று எல்லோருடைய முகத்தையும் பார்த்துக்கொண்டிருந்தேன். பாரிஸ் மச்சான் வாய்க்குக் கொண்டுபோன ரோல்ஸைத் திரும்பத் தட்டில் வைத்தான். அவன் மனைவி தலையைக் குனிந்துகொண்டாள். அவர்களின் பிள்ளைகள் ஒருவரை ஒருவர் பார்த்துவிட்டுக் கதிரையில் இருந்த என் மகளைப் பார்த்தார்கள். பாட்டில் உருகிவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன். மச்சான் எழும்பி என்னிடம் வந்தான்.

"அத்தான், இந்தப் பாட்டு என்னத்தைப் பற்றி எண்டு உங்களுக்குத் தெரியுமே?"

தெரியாது என்றேன். அவன் என் காதோடு சொன்னான். ஒரு பிள்ளையைக் கல்யாணப் பொம்பிளை மாதிரி சோடித்து மண்டபத்தில் இருத்தியிருக்கிறார்களாம். வாசலில் அவளுடைய படம். அவளுக்குத் தெரியாத ஆம்பிளைகள் எல்லாம் வந்து அவள் பெரிய ஆளாகிவிட்டாள் என்று சொல்லிப் படம் எடுக்கிறார்களாம். விழாவுக்கு முதல் நாள் அவள் தன் மாமனிடம் போய், இது வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லுங்கோ என்று கெஞ்சுகிறாளாம். கடல் தாண்டி வந்த மாமன், வெளியாள், அவர் சொன்னால் கேட்பார்கள் என்று நம்பிக் கேட்கிறாளாம்.

"இவவின்ர சாமத்தியவீட்டுக்கு மொன்றியலுக்கு நீங்கள்தானே போனனீங்கள்?" என்றான்.

நான்தான் போனேன். தாய்மாமன் நான் ஒருவன்தானே. அந்தப் பயணத்தில் விமானம் பிந்தியது ஞாபகம் இருக்கிறது. ரொறன்ரோவிலிருந்து சனம் பஸ் பிடித்து வந்ததும், நான் புதுக் கோட்டுப் போட்டதும், சாப்பாட்டு மேசையில் ரோல்ஸ் ஆறிப்போயிருந்ததும் ஞாபகம் இருக்கின்றன. ஒரு பிள்ளை என்னிடம் வந்து எதையோ கேட்டது மட்டும் ஞாபகம் இல்லை. எவ்வளவு யோசித்தாலும் வரவில்லை. அவள் அதை வைத்து ஒரு பாட்டு எழுதி, அந்தப் பாட்டால் ஒரு வாழ்க்கையையே கட்டியிருக்கிறாள். எனக்கோ அது மறந்துபோன ஒரு பின்னேரம். அந்த நேரம் எனக்கு வந்த வெட்கத்தைப் போல ஒன்று இதற்கு முன் வந்ததில்லை.

"திரும்பத் திரும்ப வருதே, அது என்ன?" என்று கேட்டேன். கேட்காமல் விட்டிருக்கலாம்.

"மாமன் சொன்ன மறுமொழி," என்றான் மச்சான். "ஒரு நாள்தானே, பிள்ளை. ஒரு நாள்தானே."

பிறகு அவன் குரலை இன்னும் தாழ்த்தி, காலமை பாலறுகு வைக்கும்போது தானும் பிள்ளையின் முகத்தைப் பார்க்கவில்லை என்றான். நான் கதிரைப் பக்கம் திரும்பினேன். என் மகளின் உதடுகள் அசைந்துகொண்டிருந்தன. ஒரு சொல் பிசகாமல் மச்சாளோடு சேர்ந்து சத்தமில்லாமல் பாடிக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூடத்தில் இரண்டாவது வெளிநாட்டு மொழியாக அவள் பிரெஞ்சை எடுத்ததும், ஏன் ஜெர்மன் எடுக்கவில்லை என்று நான் சண்டை பிடித்ததும் அப்போதுதான் நினைவுக்கு வந்தன. அன்று அறைக் கதவுக்கு அந்தப் பக்கம் இருந்து அவள் எனக்கு மறுமொழி சொல்லியிருக்கிறாள். நான் இந்தப் பக்கம் நின்று கூடச் சேர்ந்து பாடியிருக்கிறேன்.

பாட்டு முடிந்தது. சனம் கைதட்டி, இன்னொருக்கால் என்று கேட்டது. அறிவிப்பாளர் என் கையில் பொன்னாடையைத் தந்து, மாமா போர்த்துவார் என்று அறிவித்தார். நான் போனேன். மருமகள் தலையைக் குனிந்து நின்றாள். அன்றைக்கும் இப்படித்தான் குனிந்திருப்பாள். நான் போர்த்திய பொன்னாடை ஒரு பக்கம் சரிந்து விழுந்தது. அவளே அதைப் பிடித்துச் சரியாகப் போர்த்துக்கொண்டாள். படம் எடுக்கிறவர் எங்கள் இருவரையும் சிரிக்கச் சொன்னார், அவள் சிரித்தாள்.

இரண்டாவது சேலை மாற்றுவதற்காக மகளை உள்ளே கூட்டிப்போயிருந்தார்கள். நான் அந்த அறைக் கதவைத் தட்டினேன். மகள் ஸ்டூலில் இருந்தாள். மருமகள் பின்னால் நின்று அவள் தலையில் பூவைச் செருகிக்கொண்டிருந்தாள், இரண்டு பேரும் ஏதோ பிரெஞ்சில் கதைத்துக்கொண்டிருந்தார்கள். என்னைக் கண்டதும் நிற்பாட்டினார்கள். நான் மருமகளிடம் மன்னிப்புக் கேட்கத்தான் வந்தேன். ஆனால் அவள் முகத்தைப் பார்க்க முடியாமல் மகளிடம் கதைத்தேன். இனி ஊர்வலம், கேக் வெட்டு ஒன்றும் வேண்டாம், விருப்பமில்லை என்றால் இப்போதே நிற்பாட்டிவிடுவோம், வந்த சனத்துக்கு நான் சொல்லிக்கொள்கிறேன் என்றேன்.

மகள் கண்ணாடியில் என்னைப் பார்த்தாள்.

"இப்ப கேக்கிறீங்களே, அப்பா," என்றாள். "விடுங்கோ. ஒரு நாள்தானே."

மருமகள் ஊசியை வாயில் கவ்வியபடி குனிந்து சேலைக் கொசுவத்தைச் சரிசெய்தாள். நான் கதவைச் சாத்திவிட்டு வெளியே வந்தேன். மகள் இரண்டாவது சேலையில் வந்தாள், கேக் வெட்டினாள், எல்லோரோடும் நின்று படம் எடுத்தாள். விழா நன்றாக நடந்தது என்றுதான் எல்லோரும் சொல்லிவிட்டுப் போனார்கள்.

மருமகள் ஞாயிற்றுக்கிழமை அடுத்த ஊருக்குப் போய்விட்டாள். ரயில் மேடையில் நான் ஏதோ தொடங்கினேன். அவள் என்னைக் கட்டிப்பிடித்து, "விளங்குது, மாமா," என்று மட்டும் சொன்னாள். நான் சொல்லி முடிக்கவில்லை, இன்றுவரை சொல்லி முடிக்கவும் இல்லை.

திங்கட்கிழமை ஓய்வறையில் ஒரு போன் விடாமல் அடித்துக்கொண்டிருந்தது, கடையில் வாங்கும்போது எல்லாப் போனிலும் இருக்கும் அந்த மொட்டைச் சத்தம். எனக்கு ஏற்கெனவே தலையிடி. யாருடையது, எடுத்துத் தொலையுங்கள் என்று சத்தம் போட்டேன். சோமாலிக்காரன் என் கோட்டுப் பையைக் காட்டினான்.

பின்னேரம் வீட்டில் மகளிடம், என் போனில் இருந்த பாட்டு எங்கே என்று கேட்டேன். அவள் பாடப் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்கவில்லை. கோபமும் படவில்லை.

"நான்தான் எடுத்தனான்," என்றாள். "அது எங்கட பாட்டு, அப்பா."