பாறைத் தேனும் ஒரு தலைக்கவசமும்

என் மனைவி கேமராக்காரி. ஓநாய்க்காகப் பனியில் குப்புறக் கிடந்திருக்கிறாள், கொக்குக்காகச் சதுப்பு நிலத்தில் அட்டைகளுக்கு ரத்தம் கொடுத்திருக்கிறாள். சாலை எட்டாத ஊர்களில் மாதக்கணக்கில் தங்கியிருக்கிறாள். நான் மைக்கோடு அவள் பின்னால் போகும் ஒலிப்பதிவாளன். மனிதர்களைப் படமெடுக்க அவளுக்கு ஒரே சட்டம்தான். அவர்கள் செய்வதை எடுப்பாள். செய்யச் சொல்லி எடுக்க மாட்டாள்.

அந்தச் சட்டத்துக்குச் சோதனை ஒரு மலையில் வந்தது. செங்குத்துப் பாறையில் கொடி ஏணியைத் தொங்கவிட்டு, புகை மூட்டித் தேன் எடுக்கும் மக்கள். எங்கள் தேன்காரர் தலையில் மஞ்சள் நிறத் தலைக்கவசம் இருந்தது. முந்தைய வருடம் மேலிருந்து உருண்ட கல் பட்டு அவருடைய அண்ணன் விழுந்து செத்த பிறகு, அவர் மனைவி சந்தைக்குப் போய் வாங்கி வந்தது.

எங்கள் ஆவணப்படத் தயாரிப்பாளருக்கு அது கண்ணில் விழுந்த தூசி. "அதைக் கழட்டச் சொல்லும்மா. ஆதிகாலத்து மனுஷன் மாதிரி தெரியணும்."

"அவர் இந்தக் காலத்து மனுஷன் சார்."

வந்த விருந்தாளி கேட்டதைத் தட்ட முடியாமல் தேன்காரர் வாரை அவிழ்க்கத் தொடங்கினார். அவர் மனைவியின் கண் அந்த வாரிலேயே நின்றது. முகம் வெளுத்துப் போனது.

"போட்டுக்குங்கண்ணே," என்றாள் என் மனைவி. "இல்லாட்டி நான் எடுக்கல."

தயாரிப்பாளர் உதவிக் கேமராமேனைக் கூப்பிட்டார். அவன் லென்ஸைத் திருப்பிய பக்கமெல்லாம் இவள் போய்க் குறுக்கே நின்றாள். அன்றைக்கு விழுந்ததுதான் 'நந்தி' என்ற பட்டப்பெயர்.

"நீயாவது உன் பொண்டாட்டிகிட்ட சொல்லேன்யா!"

"பெரியவங்க சொல்றதைக் கேக்குற ஆளா இருந்தா, என்னையக் கட்டியிருப்பாளா சார்?" என்றேன். வேலை போகும் என்று எனக்கும் தெரிந்தது. ஆனாலும் பெருமையாக இருந்தது, பொய் சொல்வானேன்.

"இனிமே நீ எங்க கேமராவைத் தூக்கவே முடியாது!" என்று அவர் கத்தினார்.

"கேமராதானே உங்களோடது? தோளு என்னோடது."

அவர் கேமராவை வண்டியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார். தேன்காரர் வாரை இறுக்கிக்கொண்டு ஏறினார். படம் எடுக்க ஒருவரும் இல்லை. ஒரு கல்லாவது உருண்டு அந்த மஞ்சள் மண்டையில் 'டங்'கென்று விழாதா, இவள் சொன்னது சரியென்று ஊருக்கே தெரியாதா என்று நான் அற்பத்தனமாக ஆசைப்பட்டேன். ஒரு கூழாங்கல்கூட விழவில்லை.

அதற்குப் பிறகு பெரிய கம்பெனி எதுவும் எங்களைக் கூப்பிடவில்லை. இப்போது கல்யாண வீடுகளில் எடுக்கிறாள். அங்கேயும், "பொண்ணு இன்னொரு தடவை அழட்டும்" என்று யாராவது சொன்னால் கேமராவை இறக்கிவிடுவாள்.

"வாழ்க்கையிலயே பெரிய ஷாட்டு, போச்சேன்னு வருத்தம் இல்லையா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"இல்லாம என்ன? வயிறு எரியுது," என்றாள். "ஆனா அன்னைக்கு அந்தத் தேன்காரண்ணன் பாறையிலேர்ந்து இறங்கி வந்தப்போ, அவர் சம்சாரம் ஓடிவந்து அவர் தலையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாங்களே. அதை நான் சொல்லிச் செய்ய வைக்க முடியுமா?"