தமக்கு எதிரான தீர்ப்பைக் காத்தவர்

எங்கள் அப்பாவின் முப்பத்தோராம் நாள் கிரியைக்கு வந்திருக்கும் உறவினருக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். கோயில் வழக்கைப் பற்றி இந்த நினைவு மலரில் ஒரு வரியும் வரக் கூடாது என்று சொல்லி அனுப்பியவர்களும் இதை வாசிப்பீர்கள். அதை விட்டுவிட்டால் அப்பாவைப் பற்றி எழுதப் பாதிதான் மிஞ்சும். ஆகவே எழுதுகிறேன்.

அப்பா படுவான்கரையில், வாவியோரத்து வேளாண்மைக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். சிறு வயதிலேயே தந்தையை இழந்து, தாய்மாமாவின் வீட்டில் வளர்ந்தார். யுத்த காலத்தில் வயலை விட்டு இடம்பெயர்ந்து, திரும்பி வந்து பற்றை மூடிய நிலத்தை மறுபடி வெட்டித் திருத்தினார். எங்கள் வயல் வட்டைக்குத் தண்ணீர் பங்கிடும் விதானையாராக இருந்தபோது, எங்கள் வயலுக்குக் கடைசியாகத்தான் வாய்க்காலைத் திறப்பார். அதற்காக அம்மா அவரோடு சண்டை பிடித்ததும் உண்டு.

எங்கள் பக்கத்தில் பிள்ளைகள் தாயின் குடியையே சேர்வார்கள். பிற்காலத்தில் எங்கள் அம்மன் கோயிலில், தம் தாய்வழிக் குடியின் சார்பில் பரிபாலனப் பொறுப்பை ஏற்று வண்ணக்கர் ஆனார். திருவிழா முடிவில் குடிகளின் பெயரை வரிசையாகக் கூப்பிட்டுக் காளாஞ்சி என்னும் மரியாதைப் பிரசாதம் கொடுப்பது எங்கள் வழக்கம். முதலில் கூப்பிடப்படுவது அப்பாவின் குடி. அதனாலேயே கோயில் தங்களுடையது என்று அக்குடியில் பலர் நம்பிவிட்டார்கள். அப்பாவை வளர்த்த மாமாவும் அப்படி நம்பி வழக்காடித் தோற்றவர்தான். முதலில் கூப்பிடுவது மரியாதை மட்டுமே, அது உடைமை ஆகாது. கோயில் வழிபடுகிற எல்லோருக்குமான பொதுத் தருமம் என்று நீதிமன்றம் அன்றே தீர்த்துவிட்டது.

சில வருடங்களுக்கு முன் அப்பாவின் அக்கா மகன், எனக்கு மச்சான், அதே உரிமையைக் கேட்டு மறுபடி வழக்கு வைத்தார். வழிபடுவோர் சார்பில் எதிர்த்து நின்றவர் அப்பா. மச்சான் வீட்டுக்கே வந்தார்.

"மாமா, நம்மட குடிக்குத்தானே கேக்கிறன். நீங்க பேசாம இருந்தாக் காணும்."

"இது என்னை வளத்த மாமா கேட்டுத் தோத்த கதை, மருமகன்."

"அது அவர்ர வழக்கு. அப்ப நான் பிறக்கவும் இல்ல. அந்தத் தீர்ப்பு என்னை எப்படிக் கட்டும்?"

"அவர் தனக்கெண்டா கேட்டவர்? குடிக்கெண்டுதான் கேட்டவர். வெண்டிருந்தா, நான் பிறக்கல்ல, எனக்கு வேணாமெண்டு சொல்லியிருப்பியா?"

மச்சான் எழுந்துவிட்டார். "வளத்த கைக்கு நல்லாத்தான் செய்யிறீங்க!"

"தோத்த மறுகா அவர் எல்லாக் குடியோடயும் ஒரே பந்தியில இருந்து சாப்பிட்டவர். உனக்கும் இடம் இரிக்கி. முதல்ல தேத்தண்ணியக் குடி, ஆறுது."

தேத்தண்ணீர் ஆறியே போனது. அதற்குப் பிறகு மச்சானின் தாயான மாமி எங்கள் படலையைத் தாண்டவில்லை. என் மகளின் காதுகுத்துக்கு அப்பா பக்கத்திலிருந்து ஒருவரும் வரவில்லை. எல்லோரும் 'துரோகி' என்றார்கள். தவணைக்குத் தவணை, வெளுத்த வேட்டியோடு, அப்பா பாலம் கடந்து நீதிமன்றத்துக்குப் போய்வந்தார். கடைசித் தவணைக்கு முன் நெஞ்சு நோவு அவரைக் கொண்டுபோய்விட்டது.

செத்தவீட்டிலேயே என் காதுபட ஒருவர் சொன்னார்: "ஆள் போயிற்றார். இனி வழக்கும் போயிரும்."

போகாது. அப்பா தமக்காக நிற்கவில்லை, வழிபடுவோருக்காக நின்றார். அவருடைய இடத்தில் வழிபடுகிற இன்னொருவர் நிற்கலாம் என்றார் எங்கள் சட்டத்தரணி. பலரைக் கேட்டோம். சொந்தத்தைப் பகைக்க ஒருவருக்கும் மனமில்லை.

நான் நிற்கிறேன் என்றதும், "நீ தாய்ட குடி புள்ள, அதிலயும் பொம்புள. உனக்கென்ன இதில?" என்று கேட்டார்கள். நான் அப்பாவின் குடி இல்லை, ஒருநாளும் வண்ணக்கராக வரவும் முடியாது, உண்மைதான். ஆனால் அந்தப் பழைய தீர்ப்பு குடியையும் கேட்கவில்லை, ஆணா பெண்ணா என்றும் கேட்கவில்லை. அம்மனைக் கும்பிடுகிறவரா என்று மட்டுமே கேட்கிறது. நான் கும்பிடுகிறவள்.

அப்பாவின் இடத்தில் என்னைச் சேர்க்கக் கேட்கும் மனுவில் ஒப்பமிட்டுவிட்டேன். நாளை என் பிள்ளையை இந்த ஊரில் யார் சேர்ப்பார்கள் என்ற பயம் இருக்கிறது. செய்தது சரியா என்று கணவரைக் கேட்டபடியேதான் இருக்கிறேன். ஒப்பத்தை மட்டும் திரும்ப வாங்கமாட்டேன்.

அப்பாவை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு ஓடியவர்களுக்கும், பந்தல் போட்டுச் சமைத்தவர்களுக்கும், அம்மாவைத் தனியே விடாமல் கூட இருந்த அயலவர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. வராதவர்களின் வீடுகளுக்கும் இந்த மலரை அனுப்பியிருக்கிறோம். அந்தக் கோயில் அவர்களுடையதும்தான்.

மகள்