உப்புப் பார்க்க ஓர் ஆள்

சோளக்கதிரை நட்டுக்குத்தலாக நிறுத்திக் கத்தியை மேலிருந்து கீழே இழுக்கும்போது அவர் யாரோடும் பேசுவதில்லை. மணிகள் பலகையில் கொத்துக் கொத்தாகச் சரிகின்றன. பிறகு கத்தியைத் திருப்பி, அதன் முதுகால் வெறும் தண்டை வழிக்கிறார். அதில் கசியும் பாலில்தான் சூட்சுமமே இருக்கிறது என்பது அவர் கட்சி. "இதை விட்டுட்டா, டின்ல அடைச்சதையே வாங்கித் தின்னுட்டுப் போகலாம்."

பிழைப்புக்கு நகரப் பேருந்து ஓட்டுகிறார். மஞ்சள் விளக்கைத் தூரத்தில் கண்டாலே கால் பிரேக்குக்குப் போய்விடும். டிப்போவில் அவருக்கு 'நிதானம்' என்றுதான் பெயர். அடுப்படியிலும் அதே ஆள்தான். உருகும் வெண்ணெயில் மைதாவைத் தூவிக் கிளறியபடி, "அவசரப்படாத, அவசரப்படாத" என்று வாணலிக்குப் புத்தி சொல்வார். பாலும் க்ரீமும் சேர்ந்து கெட்டியாகி, சற்று ஆறியதும் சோளம், அடித்த முட்டை, துருவிய சீஸ். எல்லாம் கண்ணாடிப் பாத்திரத்தில் ஏறி ஓவனுக்குள் போனால், எதிரே குந்தி உட்கார்ந்துவிடுவார். ஓரம் பொன்னிறமாக வேண்டும், நடுவில் மட்டும் லேசாகத் தளும்ப வேண்டும். வெளியே எடுக்கும்போது, "இறங்குங்க, பாத்து இறங்குங்க." முன்பெல்லாம் அதுவரை மனைவிக்குக்கூட அடுப்படிக்குள் இடமில்லை. "டிரைவர்கிட்ட பேச்சுக் கொடுக்கக் கூடாது" என்று விரட்டிவிடுவார்.

வாட்டிய கோழிக்குப் பக்கத்தில் இந்தச் சோளம் இல்லாமல் அந்த வீட்டில் ஒரு விருந்தும் நடந்ததில்லை. போன வருஷம் வந்த ஒரு காய்ச்சல், போகும்போது அவருடைய மூக்கின் மணத்தையும் நாக்கின் ருசியையும் கையோடு கொண்டுபோய்விட்டது. வீட்டில் அதைப் பற்றி அவர் மூச்சுவிடவில்லை. நாக்கு போனால் என்ன, கைக்கு எல்லாம் தெரியும் என்று நம்பி, அடுத்த விருந்துக்கும் சோளம் செய்தார். கை உப்பை இரண்டு தடவை போட்டிருந்தது. ஆளாளுக்குத் தண்ணீரைத் தேடினார்கள். மனைவியின் தம்பிக்கு வாய் சும்மா இருக்காது.

"என்ன மாமா, பஸ்ஸைக் கடலுக்குள்ள விட்டுட்டீங்களா?"

சிரிப்பு அடங்கியதும் அவர் விஷயத்தைச் சொன்னார். மச்சினன் முகம் சுண்டிப்போனது. அன்றோடு கண்ணாடிப் பாத்திரம் அலமாரியில் கவிழ்ந்தது. மனைவி என்னென்னவோ சொல்லிப் பார்த்தாள். "கண்ணு தெரியாதவன் வண்டி எடுக்கலாமா?" என்று கேட்டு அவள் வாயை அடைத்துவிட்டார். பேப்பர் படிப்பதும் ஜன்னலைப் பார்ப்பதுமாக ஞாயிற்றுக்கிழமைகள் கழிந்தன.

வெளியூரில் நர்ஸாக இருக்கும் மகள் விடுமுறைக்கு வந்தாள். பெட்டியைக்கூடத் திறக்கவில்லை, ஒரு பை சோளக்கதிரை மேஜையில் கொட்டினாள்.

"உப்பு எது, சர்க்கரை எதுன்னே தெரியலம்மா எனக்கு."

"எனக்குத் தெரியுதுல்ல? நீங்க ஓட்டுங்கப்பா. நான் கண்டக்டர்."

மறுக்க வாயெடுத்தவர், கதிரின் பச்சை மட்டையைப் பார்த்ததும் உரிக்க உட்கார்ந்துவிட்டார். உப்புப் போடும் கட்டம் வந்தது. மகள் வாணலியில் கெட்டியான பாலை விரலில் தொட்டு நக்கி, "போதும்" என்றாள். அவர் கை தன் பாட்டுக்கு மறுபடியும் டப்பாவுக்குள் போய் வந்தது.

"போதும்னு சொன்னேன்லப்பா."

விரலிடுக்கில் உப்போடு வாணலியையே பார்த்துக்கொண்டு நின்றார். அந்த அடுப்படியில் அவருக்கு யாரும் அதுவரை விசில் ஊதியதில்லை. மகளும் கையைப் பிடிக்கவில்லை, காத்திருந்தாள். கடைசியில் உப்பை டப்பாவிலேயே உதறினார்.

அன்று சாப்பிட வந்த மச்சினன் கிண்டல் எதுவும் பண்ணாமல் இரண்டு தடவை போட்டுச் சாப்பிட்டான். கிளம்பும்போதுதான், "மாமா, மிச்சம் இருந்தா ஒரு டப்பால போட்டுக் குடுங்க" என்றான். தலையைக் குனிந்துகொண்டுதான் கேட்டான். அவரே வழித்துப் போட்டுக் கொடுத்தார்.

மகள் ஊருக்குத் திரும்பிவிட்டாள். நாக்கின் ருசி மட்டும் இன்னும் திரும்பவில்லை. கண்டக்டர் வேலை இப்போது மனைவிக்கு. தொட்டுப் பார்த்து அவள் 'ம்' சொன்னால்தான் பாத்திரம் ஓவனுக்குப் போகும்.

நேற்று விருந்தாளிகள் போனபின், பாத்திரத்தின் மூலையில் ஒட்டியிருந்த முறுகலைச் சுரண்டி அவரிடம் நீட்டினாள். கண்ணை மூடி, மொறுமொறுவென்று நிதானமாக மென்றார்.

"உப்பு சரியா இருக்கு."

சிரிப்பை அடக்கிக்கொண்டு அவள் அடுத்த மூலையைச் சுரண்டுவதற்குள், வாயைத் திறந்து வைத்துக்கொண்டார்.