பனை வரிசைக்கு மேற்கு

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் துண்டை உதறிக்கொண்டு எழுந்து போகிற ஆள் நான். முப்பத்தொரு வருஷம் மன்னார்குடியில் பூகோளமும் சரித்திரமும் நடத்தியவன். ஒரு இடம் என்றால் அதற்கு நான்கு எல்லை இருக்க வேண்டும், ஒரு சம்பவம் என்றால் அதற்கு ஒரு வருஷம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் எனக்கு அது கதை. ஆகவே இதைக் கேட்டு நீங்கள் சிரித்தால் எனக்குக் கோபம் வராது. நீங்கள் வந்து என்னிடம் சொல்லியிருந்தால் நானும் சிரித்திருப்பேன்.

தஞ்சாவூர் ஜில்லாவை முதல் தடவை பிரித்துச் சில வருஷம் ஆகியிருந்தது. அதுவே எனக்கு ஒரு எரிச்சல். "வடக்கே கொள்ளிடம், கிழக்கே வங்காள விரிகுடா, தெற்கே பாக் நீரிணை, அதற்கு அப்பால் இலங்கை" என்று எத்தனை வகுப்புப் பிள்ளைகளை ஒப்பிக்க வைத்திருப்பேன்! ஒரே உத்தரவில் கிழக்கே இருந்த கடல் புது மாவட்டத்துக்குப் போய்விட்டது. புதுப் புத்தகம் மட்டும் வரவில்லை. கையில் இல்லாத கடலை நான் நடத்திக்கொண்டிருந்தேன்.

என் மனைவி மங்கை வேதாரண்யம் பக்கத்துக்காரி. அவளுக்கும் அவள் தம்பி ராசப்பனுக்கும் பொதுவில் கடலோரம் ஒரு துண்டு நிலம் இருந்தது. ராசப்பன் பத்திரம் எழுதுகிறவர் ஒருவரிடம் குமாஸ்தா. நெட்டை ஆள், வாய் நீளம். எங்கள் கல்யாணப் பந்தியிலேயே, "அத்தான் ஜில்லாவுக்குத்தான் எல்லை சொல்லுவாரு, காணி நிலத்துக்குச் சொல்லத் தெரியாது" என்று நாற்பது இலைக்கு நடுவே என்னைக் கேலி செய்தவன்.

அந்தக் கரையில் அக்கரை என்றால் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இல்லை, யாழ்ப்பாணம். படகேறிப் போய்ச் சோப்பும் துணியும் வாங்கி வருவது அவர்களுக்கு நாம் கும்பகோணம் போய்வருவது போல. கடலில் கோடு போட்டாயிற்று, தாண்டக் கூடாது என்று சர்க்கார் சொன்ன பிறகும் அந்தக் கோடு அவர்கள் கண்ணில் பட்டதில்லை. ராசப்பனும் கூட்டாளி வீட்டுக் கல்யாணத்துக்கு "ரெண்டே நாள், அக்கா" என்று சொல்லிவிட்டுப் போனான். அங்கே கலவரம் மூண்ட வருஷம் அது. பிறகு கடிதமும் இல்லை, ஆளும் இல்லை. அங்கிருந்து அகதிகளாக வந்து இறங்கியவர்களிடமெல்லாம் மங்கை அவன் போட்டோவைக் காட்டிக் கேட்டாள். பன்னிரண்டு வருஷம் கேட்டாள்.

ஏழு வருஷம் தகவல் இல்லாவிட்டால் ஒருவர் இறந்ததாக எடுத்துக்கொள்ளலாம் என்பது சட்டம். இறால் பண்ணைக்காரர்கள் கடலோரத்தை வளைத்து வாங்கிக்கொண்டிருந்தார்கள், எங்கள் பையன் சிங்கப்பூர் போக ஏஜெண்டிடம் சொல்லி வைத்திருந்தான், நிலத்தை விற்றால் காரியம் நடக்கும், அதற்கு மங்கை தன் தம்பி உயிரோடு இல்லை என்று ஒரு மனுவில் கையெழுத்துப் போட வேண்டும். அவள் போடவில்லை.

"ஏழும் ஆச்சு, அதுக்கு மேல அஞ்சும் ஆச்சு. இன்னும் எத்தனை வருஷம் வேணும் உனக்கு?"

"நீங்க என்ன கணக்கு வாத்தியாரா? பூகோளம்தானே? பேசாம இருங்க."

சரி, நிலமாவது இருக்கிறதா பார்ப்போம் என்று பத்திர நகலை எடுத்துக்கொண்டு சித்திரை மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை தனியாகப் போனேன். இரண்டு பஸ், அப்புறம் மூன்று மைல் நடை. போய்ச் சேரும்போது மணி பதினொன்றே முக்கால், மண்டையைப் பிளக்கிற வெயில். பத்திரத்தில் சக்குபந்தி, அதாவது நான்கெல்லை, "பனை வரிசைக்கு மேற்கு" என்று தொடங்கியது. பனை வரிசை கண்ணெதிரே இருந்தது, பதினேழு மரம். நிலத்துக்கு மேற்கு எல்லை பனை, ஆக நிலம் பனைக்குக் கிழக்கே என்று முடிவு செய்து, செருப்பை மரத்தடியில் விட்டு, வேட்டியை மடித்துக் கட்டி, கடலைப் பார்த்துத் தப்படி போட்டு எண்ணிக்கொண்டு நடந்தேன். அறுபதில் மணல் முடிந்து சேறு ஆரம்பித்தது. நூற்று நாற்பதில் சேறு கணுக்காலுக்கு வந்தது. நிலத்தைக் கடல் தின்றுவிட்டது என்று வயிறு எரிந்தது. ஆனாலும் எண்ணிக்கையைப் பாதியில் விட எனக்கு வராது, போய்க்கொண்டே இருந்தேன்.

"இருநூத்துப் பன்னெண்டு" என்று வாய்விட்டுச் சொன்னேன். முதுகுக்குப் பின்னால், ஒரு முழத் தூரத்தில், சிரிப்பு கேட்டது.

"அத்தான், பனை வரிசைக்கு மேற்குன்னா, பனைக்கு மேற்கால நிலம் கிடக்குன்னு அர்த்தம். கடலையா கிரயம் பண்ணப் போறீங்க?"

நம்பினால் நம்புங்கள், எனக்கு முதலில் வந்தது பயமில்லை, கோபம். "தெரியும்டா!" என்று கத்திக்கொண்டு திரும்பினேன். ஒருவரும் இல்லை. உச்சி வெயில், மறைய ஒரு புதர் கிடையாது, தூரத்து உப்பளத்தில் இரண்டு பேர் எறும்பு போலத் தெரிந்தார்கள், அவ்வளவுதான். வெறும் சேற்றைப் பார்த்துக் கத்தியிருக்கிறேன்.

அப்புறம்தான் பார்த்தேன். என் கால் தடத்துக்குப் பக்கத்தில் கைநீட்டும் தூரத்தில் இன்னொரு தடம், வெறுங்கால். நான் வரும்போது அந்தச் சேற்றில் கொக்குத் தடம்கூட இல்லை. நான் குனிந்து பார்த்து நடக்கிறவன், எனக்குத் தெரியும். மணல் முடிகிற இடத்திலிருந்து நான் நின்ற இடத்தையும் கடந்து, தண்ணீர் விளிம்பு வரை அது இருந்தது. பயந்தால் எண்ணுகிற சுபாவம் எனக்கு. எண்ணிக்கொண்டே கரைக்கு வந்தேன். சேற்றில் என் தடம் நூற்றைம்பத்திரண்டு. அதே தூரத்துக்கு அது நூற்று முப்பத்தொன்று. என்னைவிட நெட்டையான ஆள்.

பனைக்கு மேற்கே நாற்பத்தெட்டாவது தப்படியில் கருவைப் புதருக்குள் சர்வே கல் இருந்தது. நிலம் ஒரு அடி குறையாமல் அப்படியே கிடந்தது. நான் செருப்பை மறந்துவிட்டு வீடு வந்து சேர்ந்தேன்.

மங்கை அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் சொன்னேன். அழுவாள், அல்லது பைத்தியமா என்பாள் என்று நினைத்தேன். இரண்டும் இல்லை. முறத்தைக் கீழே வைத்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டாள்.

"கடல்லேருந்து கரைக்கு வந்த தடமா, கரையிலேருந்து கடலுக்குப் போன தடமா?"

"அதெப்படித் தெரியும்?" என்றேன்.

"விரல் எந்தப் பக்கம் இருந்துச்சுங்க?"

நூற்று முப்பத்தொன்றையும் ஒன்றொன்றாகக் குனிந்து எண்ணியவன் நான். விரல் எந்தப் பக்கம் என்று பார்க்கவில்லை.

"எண்ண மட்டும் தெரிஞ்சுதாக்கும்" என்று சொல்லிவிட்டு மனுவை எடுத்து டிரங்குப் பெட்டியில் போட்டுப் பூட்டினாள். மறுநாள் விடிந்ததும் திரும்பப் போனேன். செருப்பு பனையடியில் அப்படியே இருந்தது. சேற்றின் மேல் தண்ணீர் ஏறி இறங்கியதில் அது பலகை மாதிரி வழவழவென்று கிடந்தது.

பையன் அவன் அம்மா நகையை அடகு வைத்துச் சிங்கப்பூர் போனான், அங்கேயே இருந்துவிட்டான். மங்கை கண்ணை மூடி நான்கு வருஷம் இரண்டு மாதம் ஆகிறது. இப்போது அந்தக் கையெழுத்தை நான் போட வேண்டுமாம். வாரம் தவறாமல் போனில், "மாமா போய் எத்தனை வருஷம் ஆச்சு, இன்னும் என்னப்பா, போட்டு விடுங்களேன்" என்கிறான். மங்கையிடம் நான் பேசிய அதே பேச்சு. மனு மேஜைமேல்தான் இருக்கிறது. பேனாவைத் திறந்து ஏழு தடவை உட்கார்ந்துவிட்டேன். விரல் எந்தப் பக்கம் இருந்தது என்று தெரியாமல் நான் எப்படிப் போடுவது, நீங்களே சொல்லுங்கள்.