கேமரா ஓடுதா?

வறட்சியைப் படமெடுக்கக் கூப்பிட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். தொலைக்காட்சிக்கும் ஆவணப்படத்துக்குமாக இத்தனை வருடம் கேமரா தூக்கிவிட்டேன். சென்னையிலிருந்து வருகிற எந்த இயக்குநருக்கும் திருச்சுழிப் பக்கம் என்றால் வெடித்த கண்மாயும் காலிக்குடமும்தான். நான் அருப்புக்கோட்டைக்காரன் என்பதால் என்னையே கூப்பிட்டுத் தொலைப்பார்கள்.

ஒரு முறை நரிக்குடி போகிற வழியில் ஓர் ஊர். மழை பெய்து கண்மாயில் முழங்கால் அளவு தண்ணீர் கிடந்தது. இயக்குநருக்கு முகம் செத்துவிட்டது. தண்ணீர் தெரியாமல் எடு என்றார்.

குழாயடியில் நின்ற அம்மாள் எங்களைப் பார்த்ததுமே சீறினாள். முந்தின வருடம் ஒரு சேனல் வந்து, தண்ணீரில்லாத ஊர் என்று காட்டிவிட்டுப் போயிருக்கிறது. அதைப் பார்த்த பெண் வீட்டார், எங்கள் பிள்ளை குடம் தூக்கியே சாகணுமா என்று அவள் மகனுக்குப் பேசிய சம்பந்தத்தை முறித்துவிட்டார்கள். இப்போது வேறு இடம் அமைந்து, வெள்ளிக்கிழமை வீடு பார்க்க வருகிறார்களாம். கல்யாணம் முடியாமல் முகம் காட்ட மாட்டேன் என்றாள்.

இயக்குநர் குழைந்தார். கேமராவை நிறுத்தியாயிற்று, சும்மா பேசுங்கள் என்று அவளிடம் சொல்லிவிட்டு, எடு என்று எனக்குக் கண்ணைக் காட்டினார். படம் ஓடும்போது கேமராவின் முன்னால் சிவப்பு விளக்கு எரியும். எதிரே நிற்பவர் மிரளாமலிருக்க அதன்மேல் கறுப்பு டேப் ஒட்டுவது எங்கள் வழக்கம். அந்தத் தைரியத்தில்தான் அந்த ஆள் புளுகினார்.

அவள் பேசினாள். குழாயில் தண்ணீர் வருவதே அபூர்வமாம். தோட்டத்துக் கிணற்றிலிருந்து சுமந்து இடுப்பே விட்டுப்போயிற்றாம். வருகிற மருமகளும் சுமக்கத்தான் வேண்டும், அதைப் பெண் வீட்டாரிடம் சொல்லவில்லை என்றவள், சட்டென்று நிறுத்தி என்னைப் பார்த்தாள்.

“ஏந்தம்பி, நீ நம்ம பக்கத்து ஆளுதான? கேமரா ஓடுதா, இல்லையா?”

“ஓடுதுக்கா.”

இனி எவனும் உனக்கு வேலை தரமாட்டான் என்று இயக்குநர் கத்தினார். உன் வேலையும் வேண்டாம், நீயும் வேண்டாம் போய்யா என்று நானும் கத்தினேன். திரையை அவள் பக்கம் திருப்பி, அவள் பேசியது முழுவதையும் அழித்துக் காட்டினேன். பிழைப்பே போயிருக்கிறது, இரண்டு நல்ல வார்த்தையாவது சொல்வாள் என்று நின்றேன்.

“அழிச்சது சரி. நாங் கேக்கலைன்னா அழிச்சிருப்பியா?”

எனக்கு அவள்மேலும் ஆத்திரமாக வந்தது. விளக்கின்மேல் ஒட்டியிருந்த கறுப்பு டேப்பைப் பிய்த்தெறிந்தேன்.