லாரி கேஸும் ஊசி அக்காவும்

தையல் கடைக்கார அம்மாவைத் தெருவே ‘ஊசி அக்கா’ என்றுதான் கூப்பிடும். தொழிலால் வந்த பெயர் என்று நீங்கள் நினைத்தால், அவர் வாயில் இன்னும் விழவில்லை என்று அர்த்தம்.

அவர் கடை வாசலை அடைத்துக்கொண்டு நகராட்சியின் பழுதான குப்பை லாரி ஒன்று ஆண்டுக்கணக்கில் நின்றது. சக்கரங்களைக்கூடக் கழற்றிக்கொண்டு போயிருந்தார்கள். உள்ளே வெளிச்சம் வராது. பட்டப்பகலில் விளக்கைப் போட்டு, கண்ணைச் சுருக்கிச் சுருக்கி நூல் கோப்பார். புதிதாக வருகிறவர்களுக்குக் கடை இருப்பதே தெரியாது. மனு கொடுத்துக் கொடுத்து அலுத்துப்போய்க் கடைசியில் கோர்ட்டுக்குப் போனார். லாரியை அகற்றச் சொல்லி உத்தரவும் வந்தது. நகராட்சி என்ன செய்தது தெரியுமா? லாரிக்குப் பெயின்ட் அடித்தது!

அக்கா விடுவாரா? நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்டார். நகராட்சிக் கமிஷனர் நேரில் வர வேண்டும், வராவிட்டால் பிடிவாரண்டு என்று நீதிபதி சொன்னதும் ஆபீஸே ஆடிப்போனது.

விசாரணைக்கு முந்தின சாயங்காலம் கிரேனோடு ஒரு பட்டாளமே வந்து இறங்கியது. லாரியை அந்தரத்தில் தூக்கிய பிறகுதான் கிரேன்காரர் கேட்டார்: “சார், இத எங்க கொண்டுபோய் வைக்கிறது?”

அதை யாருமே யோசித்திருக்கவில்லை. என்ஜினியர் தலையைச் சொறிந்தார். “இப்போதைக்கு நம்ம ஆபீஸ் வாசல்ல இறக்குப்பா. மத்தத நாளைக்குப் பாத்துக்கலாம்.”

எந்தக் காரியத்துக்கும் அந்த ஆபீஸில் அதுதான் பதில்.

மறுநாள் காலை அக்கா ஸ்கூட்டரில் கோர்ட்டுக்குக் கிளம்பினார். வழியில் பார்த்தால், ஆபீஸ் கேட்டை அடைத்தபடி அதே லாரி. கமிஷனரின் வீடும் காரும் அந்த வளாகத்துக்குள்தான். லாரிக்கும் கேட்டுக்கும் இடையே இருந்த சந்து வழியாக உடம்பை நெளித்து வெளியே வந்த மனிதர், கோட்டெல்லாம் கிரீஸோடு நடுரோட்டில் ஆட்டோவுக்குக் கை காட்டிக்கொண்டிருந்தார். ஒன்றும் நிற்கவில்லை.

அக்காவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. நல்லா தவிக்கட்டும் என்றுதான் முதலில் தோன்றியது. ஆனாலும் வண்டியை நிறுத்தினார்.

“ஏறுங்க சார்.”

“நீங்க... லாரி கேஸ் அம்மா இல்ல?”

“ஆமா. நீங்க வரலைன்னா கேஸ் இழுத்துக்கிட்டே போகும். அதுக்குள்ள அந்த லாரி திரும்ப என் வாசலுக்கே வந்துடும். கெட்டியா பிடிச்சுக்குங்க!”

இருவரும் ஒரே வண்டியில் வந்து இறங்கியதைப் பார்த்து இரண்டு பக்க வக்கீல்களும் வாயைப் பிளந்தார்கள்.

“லாரி இப்ப எங்க?” என்றார் நீதிபதி.

“என் ஆபீஸ் வாசல்ல ஐயா.”

“திரும்ப அந்தக் கடைக்குப் போகுமா?”

“போகாதுன்னு எழுதியே தர்றேன் ஐயா.” எழுதியும் கொடுத்தார். வழக்கு முடிந்தது.

வெளியே வந்த கமிஷனர் குரலைத் தாழ்த்திக் கேட்டார். “ஏம்மா, எங்க வாசல்ல இருந்து அத எடுக்க என்ன வழி?”

“மனு கொடுங்க சார்,” என்றார் அக்கா. “உங்க ஆபீஸ்லதான்.”

கடையைத் திறந்ததும் பழக்கதோஷத்தில் கை சுவிட்சுக்குப் போனது. தேவைப்படவில்லை. வெயில் மெஷின்மேல் வந்து உட்கார்ந்திருந்தது. நூல் முதல் தடவையிலேயே ஊசிக்குள் போனபோது அக்காவுக்குக் கண் கலங்கிவிட்டது.

வாசலில் முன்பின் தெரியாத பெண் ஒருத்தி துணிப்பையோடு நின்றாள். “தினமும் இந்த வழியாத்தான் போறேன். இது புதுக் கடையாக்கா?”

அக்கா எழுந்து வந்து பையை வாங்கிக்கொண்டார்.

“ஆமாம்மா,” என்றார். “இன்னைக்குத்தான் திறந்தோம்.”